எந்தப் பிள்ளைக்கு எந்த வழி

"இவளுக்குப் படமாப் பாத்தாத்தான் சார் மனசுல நிக்கும்." "பெரியவன் காதால கேட்டாப் போதும், புடிச்சுக்குவான்." "சின்னவனுக்கு எதையும் கையால செஞ்சு பாக்கணும்." கும்பகோணத்திலோ மன்னார்குடியிலோ ஒரு பள்ளியின் பெற்றோர் கூட்டத்தில் அரை மணி நேரம் உட்கார்ந்தால் இப்படியான பேச்சு காதில் விழும். சொல்பவர்கள் தங்கள் பிள்ளையை அக்கறையோடு கவனித்தவர்கள். ஆசிரியர்களும் பயிற்சி வகுப்புகளில் இதையே கேட்டு வந்திருக்கிறார்கள்: கண்வழிக் கற்போர், செவிவழிக் கற்போர், செய்து பார்த்துக் கற்போர் என்று பிள்ளைகள் சில வகை, வகை அறிந்து கற்பித்தால் எல்லோரும் தேறிவிடுவார்கள். விரல் ரேகையைப் பதிந்து குழந்தையின் வகையைக் கணித்துத் தருகிறோம் என்று பணம் வாங்குகிறவர்களும் கிளம்பிவிட்டார்கள்.

இந்தக் கருத்து எங்கிருந்து வந்தது, சோதித்தவர்கள் என்ன கண்டார்கள், இதே காவிரிப் படுகையில் இருநூறு ஆண்டுகளுக்கு முன் திண்ணையில் உட்கார்ந்து படித்த பிள்ளைகளுக்கு எப்படிச் சொல்லிக்கொடுத்தார்கள் என்பதையெல்லாம் நிதானமாகப் பார்க்க வேண்டியிருக்கிறது. குழந்தையின் மேல் ஒட்டிய பெயர் லேசில் உரிந்து வராது. "படிச்சுப் புரிஞ்சுக்கிற ஆளு நான் இல்ல" என்று எட்டாம் வகுப்பில் ஒருவன் நம்பிவிட்டால், அப்புறம் புத்தகத்தைத் திறக்க அவனுக்கு என்ன காரணம் இருக்கும்?

மனிதர்கள் கற்கும் பாணியில் வேறுபடுகிறார்கள் என்ற எண்ணம் பல பேரால், பல விதமாக வகுக்கப்பட்டது. அமெரிக்காவில் டேவிட் கோல்ப் 1984இல் ஒரு வகைப்பாட்டைப் புத்தகமாகவே எழுதினார். நியூசிலாந்தில் பள்ளி ஆய்வாளராக இருந்த நீல் ஃபிளெமிங் 1992இல், கொலீன் மில்ஸ் என்பவரோடு சேர்ந்து, பார்த்தல், கேட்டல், படித்து எழுதுதல், செய்தல் என்ற நான்கு வகையை முன்வைத்தார். சிறிய கேள்வித்தாள் ஒன்றை நிரப்பினால் உங்கள் வகை தெரிந்துவிடும். உலகம் முழுக்கப் பரவியது இதுதான். 2004இல் ஃபிராங்க் காஃபீல்டும் அவர் குழுவினரும் இங்கிலாந்தில் இப்படிப்பட்ட வகைப்பாடுகளைத் தேடித் தொகுத்தபோது 71 கிடைத்தன. ஒன்றின்படி கண்வழிக்காரராக இருப்பவர் இன்னொன்றின்படி வேறு ஏதோ வகை ஆகிவிடுவார். இருந்தும் நம்பிக்கை குறையவில்லை. 2012இல் வெளிவந்த ஓர் ஆய்வில் பிரிட்டன் ஆசிரியர்களில் 93 சதவீதம் பேரும் நெதர்லாந்து ஆசிரியர்களில் 96 சதவீதம் பேரும், பிள்ளைக்குப் பிடித்த புலன் வழியே சொல்லிக்கொடுத்தால் நன்றாகக் கற்பான் என்பதை உண்மை என்றே ஒப்புக்கொண்டார்கள்.

இதைச் சோதிப்பது எப்படி? இங்கேதான் பலரும் சறுக்கினார்கள். ஒரு கற்பனைப் பரிசோதனையை நம் ஊர்ப் பாடத்தை வைத்தே போட்டுப் பார்ப்போம். கல்லணைக்கு வந்துசேரும் நீர் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய், கொள்ளிடம் என்று நான்காகப் பிரிகிறது. ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு இதைச் சொல்லித்தர வேண்டும். கண்வழிப் பிள்ளைகளுக்கு வரைபடம் காட்டினோம், நன்றாக எழுதினார்கள். உடனே "பாத்தீங்களா, வகை அறிந்து கற்பித்தால் பலன் உண்டு" என்று சொல்லிவிடத் தோன்றும். சொல்ல முடியாது. காதுவழிப் பிள்ளைகளுக்கும் அதே வரைபடத்தைக் காட்டியிருந்தால் அவர்களும் அதே அளவு நன்றாக எழுதியிருக்கலாம். அப்படியென்றால் ஆறு பிரிவதைக் காட்ட வரைபடம் நல்லது என்பது மட்டுமே தெரிகிறது. பிள்ளைகளின் வகையைப் பற்றி ஒன்றும் தெரியவில்லை.

ஆக, இரண்டு வகைப் பிள்ளைகளையும் பாதிப் பாதியாகப் பிரித்து, ஒரு பாதிக்கு வரைபடம், மறு பாதிக்கு வாய்ச்சொல் என்று கற்பித்து, எல்லோருக்கும் ஒரே தேர்வு வைக்க வேண்டும். கண்வழிக்காரர்கள் வரைபடத்திலும் காதுவழிக்காரர்கள் வாய்ச்சொல்லிலும் மேலே வந்தால்தான் இந்தக் கருத்து நிற்கும். ஹெரால்ட் பாஷ்லரும் இன்னும் மூன்று உளவியலாளர்களும் 2008இல் இந்த அளவுகோலை வகுத்துக்கொண்டு அதுவரை வந்த ஆய்வுகளைச் சலித்துப் பார்த்தார்கள். இப்படி ஒழுங்காகச் செய்யப்பட்டவை மிகக் குறைவு. அவற்றிலும் பல இந்தக் கருத்துக்கு எதிராகவே இருந்தன. பள்ளிகள் இதை நம்பிப் பணமும் நேரமும் செலவிட ஆதாரம் போதாது என்று எழுதினார்கள். அதன் பிறகு வந்தவையும் நிலையை மாற்றவில்லை. 2015இல் ஓர் ஆய்வில் ஒரே நூலைச் சிலர் ஒலிவடிவில் கேட்டார்கள், சிலர் திரையில் படித்தார்கள். அவரவர் விருப்ப வகைக்கும் எவ்வளவு புரிந்தது என்பதற்கும் தொடர்பு தெரியவில்லை. அமெரிக்காவின் இண்டியானாவில் உடற்கூறியல் படித்த மாணவர்களில், தங்கள் வகைக்கு ஏற்றபடி வீட்டில் படித்தவர்கள் மற்றவர்களைவிட அதிக மதிப்பெண் வாங்கவில்லை.

அப்படியானால் பெற்றோர் கூட்டத்தில் அந்தத் தாய் சொன்னது பொய்யா? பொய் இல்லை. விருப்பம் என்பது உண்மையாகவே இருக்கிறது. ஒரு பெண்ணுக்குப் படம் பிடிக்கிறது, படம் இருந்தால் கூடுதல் நேரம் உட்காருகிறாள், அது சுகமாக இருக்கிறது. சுகமாக உள்ளே போனது மனதில் தங்கிவிட்டது என்று நாம் எல்லோருமே நினைத்துக்கொள்கிறோம். 2017இல் வெளிவந்த ஓர் ஆய்வு இதைத் தெளிவாகக் காட்டியது. தங்களைக் கண்வழிக்காரர் என்று சொல்லிக்கொண்டவர்கள், படமாகக் கண்டதை அதிகம் நினைவில் வைப்போம் என்று முன்கூட்டியே கணித்தார்கள். பிறகு நினைவைச் சோதித்தால் கணிப்புக்கும் விளைவுக்கும் பொருத்தம் இல்லை. நம் நினைவைப் பற்றி நாம் நினைப்பது ஒன்று, நினைவு நடந்துகொள்வது இன்னொன்று.

ஒரு விலக்கை இங்கேயே சொல்லிவிட வேண்டும். பார்வையற்ற பிள்ளைக்கு பிரெயில், காது கேளாத பிள்ளைக்குச் சைகை மொழி, எழுத்துகள் குழம்பும் பிள்ளைக்குச் சிறப்புப் பயிற்சி, இவையெல்லாம் உரிமை சார்ந்த தேவைகள். பாணி பற்றிய இந்த விவாதத்தைக் காரணம் காட்டி யாரும் அவற்றில் கை வைக்கக் கூடாது.

சரி, பிள்ளையின் வகை முடிவு செய்யவில்லை என்றால், படமா சொல்லா செயலா என்பதை எது முடிவு செய்கிறது? பாடமே முடிவு செய்கிறது. இதற்கு நம் வயலைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியவில்லை.

நெற்பயிருக்கு எப்போது யூரியா போடுவது என்பதற்கு வேளாண் துறையினர் இலை வண்ண அட்டை என்று ஒன்றைக் கொடுக்கிறார்கள். உள்ளங்கையில் அடங்கும் பிளாஸ்டிக் அட்டை. வெளிர்பச்சையில் தொடங்கிக் கரும்பச்சை வரை பட்டைகள் எண்ணோடு இருக்கும். நட்ட 14ஆம் நாளிலிருந்து வாரம் ஒரு தடவை, காலை எட்டு மணிக்கும் பத்து மணிக்கும் நடுவில் வயலில் இறங்க வேண்டும். வெயிலுக்கு முதுகைக் காட்டி நின்று, தன் நிழல் அட்டை மேல் விழும்படி பார்த்துக்கொள்ள வேண்டும். முழுதாக விரிந்த மேல் இலையைப் பறிக்காமல் அட்டையின் மேல் வைத்து, இலையின் நடுப்பாகம் எந்தப் பட்டையோடு ஒத்துப்போகிறது என்று பார்க்க வேண்டும். இப்படிப் பத்து இலை. வெள்ளைப் பொன்னிக்கு 3, மற்ற பெரும்பாலான ரகங்களுக்கு 4 என்பது எல்லை. பத்தில் பாதிக்கு மேல் எல்லைக்குக் கீழே இருந்தால் தழைச்சத்து போட வேண்டும். இல்லையென்றால் அந்த வாரம் மூட்டையைப் பிரிக்கத் தேவையில்லை.

இதை ஒரு விவசாயிக்கு வானொலியில் சொல்லிப் புரியவைக்க முடியுமா? அவர் எவ்வளவு பெரிய காதுவழிக்காரராக இருந்தாலும் பச்சையின் அழுத்தத்தைக் காதால் கற்க முடியாது. வயலில் நின்று கண்ணால் பார்த்தே ஆக வேண்டும். ஆனால் ஏன் எட்டு மணிக்கு, ஏன் நிழலில், ஏன் பொன்னிக்கு மட்டும் குறைந்த எண் என்பதற்கு யாராவது வாயால் விளக்க வேண்டும். பத்து இலைக் கணக்கைக் குறித்து வைக்கக் கை வேண்டும். ஒரே பாடத்துக்குள் கண், காது, கை மூன்றும் தத்தம் இடத்தில் வேலை செய்கின்றன.

இதற்கு நேர்மாறானது நாட்டியத்தில் வரும் ஜதி. தஞ்சை அரண்மனையோடு தொடர்புடைய சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு என்ற நால்வர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் சதிர் ஆட்டத்தின் பயிற்சியையும் நிகழ்ச்சி முறையையும் ஒழுங்குபடுத்தினார்கள். இன்று பரதநாட்டியம் கற்கும் குழந்தை அடவில் தொடங்குவதற்குப் பின்னால் அவர்கள் இருக்கிறார்கள். நட்டுவனார் தட்டுக்கழியால் மணையில் தட்டிச் சொற்கட்டைச் சொல்ல, பிள்ளை அதைக் காதில் வாங்கிக் காலில் கொண்டுவருகிறாள். ஓவியத்தில் நன்றாகத் தேர்ந்த பெண் என்பதற்காக அவளுக்குத் தாளத்தை வரைந்து காட்டி ஆடவைக்க முடியாது. காலப்பிரமாணம் காதுக்கும் காலுக்கும் நடுவில்தான் பிடிபடும். படமும் இங்கே வேலைக்கு வரும், அரைமண்டியின் அமைப்பைக் காட்ட, முத்திரையின் விரலைக் காட்ட. எது எங்கே என்பதை அடவு தீர்மானிக்கிறது.

இப்போது திண்ணைக்கு வருவோம். தாமஸ் மன்றோ சென்னை மாகாண கவர்னராக இருந்தபோது 1822இல் ஒவ்வொரு ஜில்லாவிலும் நாட்டுப் பள்ளிகளைக் கணக்கெடுக்கச் சொன்னார். தஞ்சாவூர் ஜில்லாவிலிருந்து போன கணக்கில் 884 பள்ளிகள், 109 உயர்கல்விச் சாலைகள். அந்தப் பள்ளிகளில் பிள்ளைகள் முதலில் விரலால் மணலில் எழுதினார்கள். எழுதும்போதே எழுத்தின் பெயரை உரக்கச் சொன்னார்கள். விரலுக்கு உருவம் பழகியபின் ஓலையும் எழுத்தாணியும். பிறகு எண்சுவடி, குழிமாற்று, நெல்லிலக்கம், பொன்னிலக்கம், நிகண்டு.

கணக்குப் பாடம் இந்த மண்ணிலிருந்தே முளைத்தது. நூறு குழி ஒரு மா, இருபது மா ஒரு வேலி. நெல்லில் எட்டு நாழி ஒரு மரக்கால், பன்னிரண்டு மரக்கால் ஒரு கலம். வேலிக்கு நூறு கலம் கண்ட நிலத்தில் மாவுக்கு எத்தனை மரக்கால் என்று கேட்டால் பையன் ஓலையைத் தேடாமல் அறுபது என்று சொல்ல வேண்டும். நூறை இருபதால் வகுத்து ஐந்து கலம், ஐந்தைப் பன்னிரண்டால் பெருக்கி அறுபது. அவன் வீட்டுக் களத்தில் மரக்கால் கண் முன்னால் கிடந்தது, பள்ளியில் வாய்ப்பாடு வாயில் இருந்தது, மணலில் எண் விரலில் இருந்தது. அவனைக் கண்வழியா காதுவழியா என்று கேட்க யாருக்கும் தோன்றவில்லை. அங்கே வந்த பிள்ளைகள் எல்லோருக்கும் எல்லா வழியும் திறந்திருந்தன.

இன்னொன்றும் நடந்தது. ஒரு பிள்ளை முறை வைக்க, அதாவது முன்னால் நின்று சொல்ல, மற்றவர்கள் திருப்பிச் சொல்வார்கள். ஓலையைப் பார்க்காமல் ஒப்பிக்க வேண்டும். நேற்றையது இன்று, போன வாரத்தது மறுபடி. முன்னேறிய சட்டாம்பிள்ளை பின்தங்கியவனுக்குச் சொல்லிக்கொடுத்தான். வீட்டுக்குப் போகும் முன் ஆசிரியர் ஒவ்வொருவனுக்கும் ஒரு பூ, ஒரு பறவை, ஓர் ஊர் என்று பெயர் சொல்லி அனுப்பி மறுநாள் கேட்கும் பழக்கத்தை உ.வே. சாமிநாதையர் தம் காலத்துத் திண்ணைப் பள்ளியைப் பற்றி எழுதும்போது பதிவு செய்திருக்கிறார். சென்னை எழும்பூரில் ஆதரவற்ற சிறுவர் இல்லத்தை நடத்திய ஆண்ட்ரூ பெல் என்ற பாதிரியார், நாட்டுப் பள்ளியில் பிள்ளைகள் மணலில் எழுதுவதைக் கண்டு அதைத் தம் பள்ளியில் புகுத்தி, பிள்ளையே பிள்ளைக்குச் சொல்லித்தரும் முறையோடு சேர்த்து 1797இல் இங்கிலாந்தில் நூலாக வெளியிட்டார். அங்கே அதற்கு மதராஸ் முறை என்றே பெயர் வந்தது.

திண்ணையைப் புகழ்வதோடு நிறுத்த எனக்கு மனம் வரவில்லை. பெண் பிள்ளைகள் அங்கே மிகச் சொற்பம். சேற்றில் இறங்கி நட்டவர்களின் பிள்ளைகளுக்கு அந்தத் திண்ணையில் பெரும்பாலும் இடம் இல்லை. அளந்து கொட்டியவர்கள் அவர்கள், கணக்குத் தெரிந்தவர்கள் வேறு ஆட்கள். உள்ளே வந்தவர்களுக்கும் கோதண்டம் இருந்தது. பையனைக் கயிற்றைப் பிடித்துத் தொங்கவிடும் தண்டனை. பொருள் தெரியாமலே மனப்பாடம் செய்த நிகண்டுகள் ஏராளம். இத்தனையும் சேர்ந்ததுதான் அந்தப் பள்ளி. அதன் சொல்லிக்கொடுக்கும் முறையில் இருந்த நல்லதை எடுத்துக்கொள்ள இவற்றை மறக்க வேண்டியதில்லை.

அந்த நல்லதில் முக்கியமானது என்று நான் நினைப்பது, வகுப்பு என்ற பிரிவே அங்கே இல்லாதது. ஏழு வயதுப் பையனும் பத்து வயதுப் பையனும் ஒரே திண்ணையில் இருந்தாலும் ஒவ்வொருவனும் அவனவன் சுவடியில் அவனவன் இடத்தில் இருந்தான். மேல்படிப்பிலும் இதே போக்கு. 1871இல் மாயூரத்தில் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பாடம் கேட்க வந்த, பின்னாளில் உ.வே. சாமிநாதையரான இளம் சாமிநாதனை, நைடதம் என்ற காவியத்திலிருந்து ஒரு செய்யுளைச் சொல்லிப் பொருள் கூறும்படி பிள்ளையவர்கள் கேட்டார். வந்தவனுக்கு என்ன தெரியும், எங்கே நிற்கிறான் என்பதைத்தான் முதலில் தெரிந்துகொள்ள விரும்பினார்.

பிள்ளைகளுக்குள் உள்ள வேறுபாடு பெரும்பாலும் இந்த இடத்தில்தான் கிடக்கிறது: ஏற்கெனவே என்ன தெரியும், எது அரைகுறையாகத் தெரியும், எது தப்பாகத் தெரியும். ஓர் உதாரணம். 302இலிருந்து 147ஐக் கழிக்கச் சொன்னால் 245 என்று எழுதும் பிள்ளைகள் உண்டு. கவனக்குறைவு என்று நினைத்துவிடுவோம். உற்றுப் பாருங்கள்: ஒன்றாம் இடத்தில் 7இல் 2 போக 5, பத்தாம் இடத்தில் 4இல் பூஜ்யம் போக 4, நூறாம் இடத்தில் 3இல் 1 போக 2. எந்த இடத்திலும் அப்படி எழுதிய பெண் பெரிய எண்ணிலிருந்து சின்ன எண்ணைக் கழித்திருக்கிறாள். அவளிடம் ஒரு விதி இருக்கிறது. தப்பான விதி, ஆனால் ஒழுங்காகப் பின்பற்றுகிறாள். கடன் வாங்குவது என்றால் என்ன என்பது அவளுக்கு யாரும் தெளிவாக்கவில்லை. இவளுக்கு வண்ணப் படம் காட்டினாலும் பாட்டாகப் பாடினாலும் அந்த விதி அசையாது. நூறு குச்சிக் கட்டு ஒன்றைப் பிரித்துப் பத்துப் பத்தாக வைத்து, பத்து ஒன்றைப் பிரித்து ஒற்றையாக வைத்து, ஒவ்வொரு படியையும் பலகையில் எண்ணாக எழுதி, அவளையே வாயால் சொல்லவைத்தால் 155 வரும்.

தமிழ்நாட்டு அரசுப் பள்ளிகள் இந்தத் திசையில் இரண்டு பெரிய முயற்சிகளைக் கண்டிருக்கின்றன. சென்னை மாநகராட்சிப் பள்ளிகளில் 2003இல் தொடங்கி சில ஆண்டுகளில் மாநிலம் முழுக்க வந்த செயல்வழிக் கற்றல் ஒன்று. அட்டைகளும் ஏணிப்படியும் வைத்து ஒவ்வொரு பிள்ளையும் தன் வேகத்தில் ஏறும்படி அமைத்தது. ஆந்திரத்தின் ரிஷி வேலியில் பழகிய முறையை ஒட்டியது. மற்றது 2022 ஜூனில் தொடங்கிய எண்ணும் எழுத்தும். அதில் பிள்ளைகளை அரும்பு, மொட்டு, மலர் என்று மூன்று நிலையில் வைக்கிறார்கள். எழுத்து தெரியாதவன் அரும்பு, வகுப்புப் பாடத்தைப் படிக்கத் தயாராக இருப்பவன் மலர். ஒருவன் தமிழில் மலராகவும் கணக்கில் அரும்பாகவும் இருக்கலாம், இரண்டு மாதத்தில் நிலை மாறலாம். பிள்ளையின் நிலையைப் பார்க்கும் இந்தப் பார்வைக்கும் பிள்ளையின் வகையைக் குறிக்கும் பார்வைக்கும் உள்ள தூரம் பெரிது. நிலை மாறுவதற்காகவே இருக்கிறது. வகையோ ஆயுளுக்கும் என்று சொல்லப்படுகிறது. ஒரே ஆசிரியர் மூன்று நிலையையும் வைத்துக்கொண்டு பதிவேடும் நிரப்பும் சிரமம் உண்மையானது. அதைக் குறைக்காமல் முறையைக் குறை சொல்வது நியாயம் ஆகாது.

படிக்கிற பிள்ளை தானே செய்துகொள்ளக் கூடியதும் உண்டு. 2006இல் ரோடிகர், கார்ப்பிக் என்ற இருவர் கல்லூரி மாணவர்களிடம் சிறு பாடம் ஒன்றைக் கொடுத்தார்கள். ஒரு குழு நான்கு முறை திரும்பத் திரும்பப் படித்தது. இன்னொரு குழு ஒரே முறை படித்துவிட்டு, மூன்று முறை பாடத்தைப் பார்க்காமல் நினைவிலிருந்து எழுதியது. ஐந்து நிமிடம் கழித்துக் கேட்டபோது நான்கு முறை படித்தவர்களே முன்னால்: 83க்கு 71. ஒரு வாரம் கழித்து அவர்கள் 40 சதவீதத்துக்கு இறங்கினார்கள், நினைவிலிருந்து எழுதியவர்கள் 61இல் நின்றார்கள். இடைவெளி விட்டுத் திரும்பச் செய்தால் நன்றாகத் தங்கும் என்பதை ஜெர்மானியரான ஹெர்மன் எபிங்ஹாஸ் 1885லேயே தம்மைத் தாமே சோதித்துக் கண்டிருந்தார். ஓலையை மூடி முறை வைத்ததில் இந்த இரண்டும் இருந்தன. பொருள் புரிந்து, அடி இல்லாமல், எல்லாப் பிள்ளைக்கும் அதைச் செய்ய முடிகிற காலம் இப்போது வந்திருக்கிறது.

பத்தாம் வகுப்பில் இருக்கும் பெண்ணுக்கு டிசம்பரில் அரையாண்டுத் தேர்வு. வெப்ப இயற்பியல் பாடத்தை மஞ்சள் மார்க்கரால் கோடு போட்டு ஐந்தாம் முறை படிப்பதைவிட, புத்தகத்தை மூடி ஒரு வெள்ளைத்தாளில் தெரிந்ததை எழுதி, திறந்து சரிபார்த்து, மூன்று நாள் கழித்து மறுபடி எழுதட்டும். கஷ்டமாக இருக்கும், மறந்துபோனது கண்ணுக்குத் தெரியும். அந்தக் கஷ்டத்தில்தான் வேலை நடக்கிறது. படம் வேண்டிய இடத்தில் படத்தையும் நினைவிலிருந்தே வரையட்டும். அவள் அம்மா அடுத்த கூட்டத்துக்குப் போகும்போது, "எம் பொண்ணு எந்த டைப்பு மிஸ்?" என்று கேட்பதற்குப் பதில், "கணக்குல எந்த எடத்துல மிஸ் இவளுக்குத் தடுக்குது, அதுக்கு முன்னாடி எது தெரிஞ்சிருக்கணும்?" என்று கேட்கலாம். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல ஆசிரியர் அவள் நோட்டைத் திறந்துதான் ஆக வேண்டும்.